மஹ்பூபாவின் போன் இணைந்தது

கம்ப்யூட்டர் திரையில் சார்ஜ் பன்னிரண்டு. கையிலிருந்த போனில் நாற்பத்தொன்று.

மஹ்பூபா கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு மறுபடி பார்த்தாள். அதே மல்லிகைப்பூ படம், அதே சின்னங்கள், அதே வரிசை. மூலையில் சார்ஜ் மட்டும் ஒத்துவரவில்லை. "பாழாப்போன பொட்டி, மொத நாளே கோளாறா?" என்று அதன் தலையில் ஒரு தட்டுத் தட்டினாள்.

புருஷனை இழந்தவள் வீட்டோடு இருக்கும் இத்தா இன்றோடு முடிகிறது. நூருல் அமீன் மவுத்தானதிலிருந்து நாலு மாதம் பத்து நாள், வாசப்படி தாண்டாமல், ஜன்னல் திரையை விலக்காமல், அந்த மனுஷனுக்காக மனசாரத்தான் இருந்தாள். ஆனாலும் இந்த வீடு போதும் போதும் என்றாகிவிட்டது. பின்கட்டில் அவர் படுத்திருந்த அறைப் பக்கம் போகவே பிடிக்கவில்லை. நாளைக் காலையில் மகள் ரிஃபானா புதுச்சேரியிலிருந்து கார் கொண்டுவந்து உம்மாவைக் கையோடு கூட்டிப்போகிறாள். அந்த ஒன்றை நினைத்துத்தான் நாட்களை ஓட்டினாள்.

கண் மங்கின உம்மா பேரப்பிள்ளையைப் பெரிசாகப் பார்க்கட்டும் என்று, போன் படத்தைக் கம்பியில்லாமல் வாப்பாவின் கம்ப்யூட்டருக்குக் கொண்டுவரும் வழியை மகள்தான் பேசி அனுப்பியிருந்தாள். "எல்லா இடத்திலும்னு மட்டும் போட்றாதீங்க உம்மா, எந்த போனும் உள்ள வந்துரும். பின் நம்பர் கேக்கட்டும்." மஹ்பூபா அவசரத்தில் கம்ப்யூட்டரில் 'எல்லா இடத்திலும்' என்றே தட்டினாள். பின் நம்பரும் வேண்டாம் என்றாள், தொல்லை விட்டது என்று. உடனே 'மஹ்பூபாவின் போன் இணைந்தது' என்று வரவும் சின்னப்பிள்ளை மாதிரி கைதட்டினாள்.

இப்போதுதான் உறைத்தது. இணைப்பதற்கென்று போனில் அவள் இன்னும் எதையுமே தொடவில்லை.

போனை அணைத்தாள். திரை அணையவில்லை. மல்லிகைப்பூ நகர்ந்தது, வாட்ஸப் திறந்தது, ரிஃபானாவின் பெயர் மேலே வந்தது. எழுத்துகள் ஒவ்வொன்றாக விழுந்தன.

'நாளைக்கு வராதம்மா. நான் இங்கயே இருந்துக்கிறேன்.'

"யா அல்லாஹ்!" போனை உயிர்ப்பித்து மகளுக்கு அடித்தாள். வேறு அழைப்பில் இருக்கிறார் என்றது. மறுபடி அடித்தாள். அதே பதில்.

வாசலுக்கு ஓடினாள். நாத்தனார் ஷிஃபா வரிச்சிக்குடிக்குப் போகும்போது, மீன்காரர், கூரியர் என்று யாரும் உள்ளே வந்துவிடக் கூடாதென்று வழக்கம்போல் கிரில்லை வெளியே பூட்டிச் சாவியைக் கொண்டுபோயிருந்தாள். வெள்ளிக்கிழமை. ஜும்ஆ தொழுகை நேரம். தெருவில் ஒரு செருப்புச் சத்தம்கூட இல்லை, உப்புக்காற்றில் எதிர்வீட்டுக் கொடியில் ஒரு கைலி மட்டும் ஆடிக்கொண்டிருந்தது. "யாராச்சும் இருக்கீங்களா?" என்று கம்பியைப் பிடித்து உலுக்கினாள். ஒலிபெருக்கியில் வந்த பள்ளிவாசல் பயான் பேச்சு அவள் குரலை விழுங்கிவிட்டது.

உள்ளே போன் அடித்தது.

அவள் கையிலிருந்தது அல்ல. பின்கட்டிலிருந்து கேட்டது. ஒரு நொடி தள்ளி அதே மணி கம்ப்யூட்டரிலும் கேட்டது. ரிஃபானா முன்பே சொல்லியிருந்தாள்: ஒரே வீட்டுக்குள்ள இருக்கிற போனுதான் வரும் உம்மா, தூரத்துலேர்ந்து வராது.

திரும்பி வந்து நாற்காலியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். திரை முழுக்க மகளின் முகம். எவ்வளவு பெரிசு! அழுத கண். ஓரத்தில் சின்னக் கட்டத்தில் வெள்ளைத் துப்பட்டி போட்ட ஒரு பொம்பளை. மூக்குக்கு மேலே மஹ்பூபாவுக்கு இருக்கும் அதே மச்சம்.

"ஏன் உம்மா வரவேணாங்கிறீங்க?"

"இந்த வீட்டை வுட்டு எப்புடிம்மா வருவேன்?" முதலில் பின்கட்டில். பிறகு கம்ப்யூட்டரில். அவள் குரல். அவளுடைய அதே இழுப்பு.

"ரிஃபானா! அது நான் இல்லடீ! இங்க இருக்கேன்டீ!" தொண்டை கிழியக் கத்தினாள் மஹ்பூபா.

மகளின் முகம் ஒரு கணம் நின்றது. காதைச் சாய்த்தாள். பிள்ளைக்குக் கேட்டுவிட்டது! மஹ்பூபா திரையை இரண்டு கையாலும் பற்றிக்கொண்டாள்.

"யாரு உம்மா அங்க கத்துறது?"

"யாருமில்லம்மா. கம்ப்யூட்டர்ல என்னமோ ஓடுது."

"ஓ, மாட்டிட்டீங்களா! படம் நல்லா வருதா?" ரிஃபானா கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள். "சரி, உங்க இஷ்டம் உம்மா. நான் வரல. சந்தோஷமா இருங்க."

"இரும்மா, வச்சிடாத. அதை அமத்திட்டு வந்து பேசுறேன்."

பின்கட்டில் கட்டில் கிரீச்சிட்டது. சின்னக் கட்டத்தில் சுவர் நகர்ந்தது. நடைவழி. காலண்டர். தண்ணீர்க்குடம். இடது காலை இழுத்து நடக்கும் செருப்புச் சத்தம், அவளுடைய நடைதான்.

கட்டத்தில் இந்த அறையின் பச்சைத் திரைச்சீலை வந்தது. அதை விலக்க ஒரு கை நீண்டது, அவள் விரலில் கிடக்கும் அதே வெள்ளி மோதிரத்தோடு.

ஒரு நொடி முன்பே, அவள் முதுகுக்குப் பின்னால், திரைச்சீலை வளையங்கள் கலகலத்திருந்தன.