பன்னிரண்டு மூச்சு

முதலில் நடந்தது எது என்பதில் கிறிஸ்டினாவுக்கு இன்றைக்கும் சந்தேகம் உண்டு. கம்பெனி வாசலில் சைக்கிளை நிறுத்தும்போதே அந்தச் சத்தம் கேட்டதா, இல்லை, கேட்டதாகப் பிறகு மனம் சேர்த்துக்கொண்டதா? ஒன்று மட்டும் உறுதி. பறை அவள் தோளில் தொங்கிக்கொண்டிருந்தது. உள்ளே பறை ஒலித்துக்கொண்டிருந்தது.

ஆம்பூருக்கு வெளியே, பாலாற்று மணலை ஒட்டிய அந்தத் தோல் கம்பெனியில் அவள் பறை அடிக்காமல் மூன்றாம் டிரம்மை யாரும் திறப்பதில்லை. லாரி உயரத்துக்கு நிற்கும் மர உருளை அது. உள்ளே நானூறு தோல்கள் மருந்துத் தண்ணீரில் புரளும். உரித்து, உப்பிட்டு, சுண்ணாம்பில் ஊறிய பிறகும் தோலில் கொஞ்சம் துடிப்பு தங்கும் என்பது அங்கே எல்லோருக்கும் தெரியும். மற்ற டிரம்களில் அது தண்ணீரோடு போய்விடும். மூன்றாவது அதைச் சேர்த்து வைத்துக்கொள்ளும். அதனால் கதவைத் திறக்கும் முன் பறையில் பன்னிரண்டு அடி. பிறகு பன்னிரண்டு மூச்சு நேரம் மௌனம். மோட்டார் ஓடக் கூடாது, யாரும் வாய் திறக்கக் கூடாது. இப்படி ஏழு சுற்று. அடி துடிப்பைக் கூட்டி வரும். மௌனம்தான் அதைப் படுக்க வைக்கும்.

காய்ச்சலில் மூன்று நாள் படுத்துவிட்டு அன்றுதான் வந்திருந்தாள்.

"வாங்கக்கா, ஒடம்பு பரவால்லியா?" முதலாளியின் மகன் ஷாஹித், டிரம்முக்கு எதிரே ஒரு ஸ்பீக்கரை வைத்துக்கொண்டு நின்றான். "நீங்க வரலன்னா டிரம்மும் சும்மா நிக்குது. செம பேஜார். அதான் போன மாசம் நீங்க அடிச்சத ரெக்கார்ட் பண்ணி வச்சேன்."

"ஏழு சுத்தும் போட்டீங்களா தம்பி?"

"ஏழும்தான். நடுவுல சத்தமே இல்லாத எடத்த மட்டும் கட் பண்ணிட்டேன். ரெண்டே நிமிஷம்."

கிறிஸ்டினா டிரம் பக்கம் திரும்பினாள். டிரம்மின் சதுரக் கதவு திறந்திருந்தது. உள்ளே இருட்டில் தோலை இழுத்து வெளியே போட்டுக்கொண்டிருந்தவர் அவளுடைய அண்ணன் இருதயராஜ்.

"இன்னா கிறிஸ்டி!" உள்ளேயிருந்து அவர் குரல் சிரித்தது. "ஒன் வேலைக்கு ஸ்பீக்கர் வந்துட்ச்சு. இனிமே வீட்ல குந்திகினு மீன் கொழம்பு வையி."

"ணா, வெளிய வா. இப்பவே வா."

"வர்றேன், இன்னும் நாலு தோலு..."

காலை பத்து மணி வெயில் தகரக் கூரையில் சடசடத்துக்கொண்டிருந்தது. சுண்ணாம்பும் ஈர ரோமமும் கலந்த அந்தப் பழகிய நாற்றத்துக்கு அடியில், மாட்டுக் கொட்டகையில் விடிகாலையில் வருமே, அந்தச் சூடான வாடை, உயிருள்ள மூச்சின் வாடை மெல்ல எழுந்து வந்தது. தரையில் கிடந்த தோல் குவியல் உயர்ந்தது. தாழ்ந்தது. காற்றில்லை. மறுபடி உயர்ந்தது.

மோட்டார் ஓடவில்லை. டிரம் அசைந்தது.

ஷாஹித் பின்னால் நகர்ந்தான். மருந்தில் ஊறி நீலமேறிய ஒரு தோல் உள்ளேயிருந்து கதவின் விளிம்பைப் பற்றியது. இன்னொன்று. இருதயராஜை உள்ளே வைத்துக் கதவு மூடிக்கொண்டது.

கிறிஸ்டினா ஸ்பீக்கரை எட்டி உதைத்தாள். பறையை இடுப்பில் சாய்த்தாள். பன்னிரண்டு அடி. பிறகு மௌனம்.

மௌனத்தில்தான் அண்ணன் கூப்பிட்டார்.

"கிறிஸ்டி. கதவத் தொறம்மா."

மூன்று மூச்சு. நான்கு.

"மூச்சு முட்டுது. ஒரு வார்த்த பேசு. இருக்கியா?"

பதில் சொன்னால் சுற்று அறுந்துவிடும். அறுந்தால் கதவு திறக்காது. உதட்டைக் கடித்தாள், ரத்தம் உப்புக் கரித்தது. அண்ணனை உன்னிடம் கொடுக்க மாட்டேன், என்று டிரம்மைப் பார்த்து மனதுக்குள் சொன்னாள். பன்னிரண்டாவது மூச்சு. அடித்தாள்.

ஒவ்வொரு மௌனத்திலும் அவர் கெஞ்சினார். அழுதார். ஆறாவதில், அம்மா அவளைக் கூப்பிடும் செல்லப் பெயரைச் சொன்னார். ஏழாவதில் கெட்ட வார்த்தையில் திட்டினார். அவள் வாய் திறக்கவில்லை.

கதவு தானாகத் திறந்துகொண்டது. இருதயராஜ் தவழ்ந்து வெளியே வந்தார். காயமில்லை. அவள் கையைப் பிடித்துக்கொண்டு வாயைத் திறந்தார். சத்தம் வரவில்லை.

அவருக்குப் பின்னால், ஆளில்லாத டிரம்முக்குள்ளிருந்து, "கிறிஸ்டி" என்றது அவருடைய குரல்.

ஷாஹித் மறுநாளே வேலூருக்குப் போய்விட்டான்; அங்கே செருப்புக் கடை வைத்திருக்கிறான், தோல் செருப்பு விற்பதில்லை. முதலாளி கம்பெனியை மூடினார். இருதயராஜ் வீட்டில் இருக்கிறார். சாப்பிடுகிறார், ஞாயிறு கோவிலுக்குப் போகிறார், பாட்டு வரும்போது வாயை மட்டும் அசைக்கிறார். மூன்றாம் டிரம்மைச் சங்கிலியால் கட்டியிருக்கிறார்கள். வேறு வேலைக்குப் போகலாமே என்று வாட்ச்மேன் கேட்டதற்கு, "எங்கண்ணன் குரலு உள்ள கெடக்குது. நான் எதுக்குப் போவணும்?" என்றாள் கிறிஸ்டினா. தினமும் காலை பத்து மணிக்கு வந்து ஏழு சுற்றும் அடிக்கிறாள்.

போன வாரத்திலிருந்து அந்தக் குரல் அவளைக் கூப்பிடுவதில்லை. மௌனத்தில் அவளுடைய மூச்சை எண்ணுகிறது. அவள் எண்ணிக்கைக்கு எப்போதும் ஒன்று முன்னால்.