கவிழ்ந்த கிண்ணமும் கழுவாத டம்ளர்களும்

திங்கட்கிழமை காலையில் காலிங் பெல் விடாமல் அலறியது. மதலைமுத்து கதவைத் திறப்பதற்குள் மாடி வீட்டு ஷோபா படியிறங்கி வந்து நின்றுவிட்டாள். கம்ப்யூட்டர் வேலையை வீட்டிலிருந்தே பார்க்கிறவள்தான், ஆனால் கீழ்வீட்டு மணி அடித்தால் லேப்டாப் அம்போவென்று கிடக்கும். மதலைமுத்து இன்சூரன்ஸ் கம்பெனியில் பொய் க்ளெய்ம்களைத் துருவிக் கண்டுபிடித்து ஓய்வு பெற்றவர். காக்ஸ் டவுனில் எது காணாமல் போனாலும் ஜனங்கள் முதலில் இவரிடம்தான் வருவார்கள்.

வாசலில் நின்றவள் ஹெலன், இரண்டு தெரு தள்ளி இருப்பவள்.

"மதலை அண்ணே, கல்லு காணாமப் போச்சு. நான் எழுதினதெல்லாம் பொய்யின்னு ஆயிடுச்சு."

ஹெலனை நாலு பேருக்குத் தெரியும். பகலில் அலுவலக வேலை, மற்ற நேரத்தில் மாயக் கதைகள். ஆறுகள் மலையை நோக்கி மேலேறி ஓடும் நீலாரம் என்றொரு நாட்டைக் கற்பனை செய்து நான்கு நாவல்கள் எழுதியிருந்தாள். அந்த நாட்டில் அவினி என்ற படகோட்டிப் பெண் தொடங்கிய தத்துவம்தான் மறுகரை நெறி. எதிராளியை மறுக்கும் முன், அவர் கட்சியை அவரைவிட நன்றாக எடுத்துச் சொல்ல வேண்டும். 'ஆமாம், என் மனசில் இருப்பது இதுதான்' என்று அவர் ஒப்புக்கொண்ட பிறகே பதில் பேசலாம். வாதத்தில் மனம் மாறியவரை அங்கே தோற்றவர் என்று சொல்வதில்லை, கரை மாறியவர் என்று கொண்டாடுவார்கள். நம் டிவி விவாதக்காரர்களை ஒரு மாதம் அந்த நாட்டில் விட்டுவைத்தால் எவ்வளவு நன்றாக இருக்கும்!

இந்த நெறியில் மயங்கிய இரண்டு வாசகர்கள் ஞாயிறுதோறும் ஹெலன் வீட்டில் கூடுவார்கள். ஒருவர் பக்கத்து ஜீவனஹள்ளியில் வெல்டிங் கடை வைத்திருக்கும் பிரகாஷ், மற்றவர் பள்ளி ஆசிரியை காந்தா.

"கரை மாறினவங்க கிண்ணத்துல இருக்கிற வெள்ளைக் கல்லை எடுத்துக்கணும், கிண்ணத்தைக் கவிழ்க்கணும்" என்றாள் ஹெலன். "யாருகிட்ட மனசு மாறினதைச் சொல்லணுமோ அவங்ககிட்ட போய்ச் சொல்ற வரைக்கும் அதைப் பத்தி வாயைத் திறக்கக் கூடாது. அவங்க மனசை மாத்தினவங்க அன்னிக்கு டம்ளர் கழுவணும். ஜெயிச்சவங்களுக்குத் தலைக்கனம் வராம இருக்கத்தான் அது. நேத்து ரெண்டு பேரையும் வழியனுப்பக் கேட் வரைக்கும் போய்ட்டு வந்து பார்த்தா கிண்ணம் கவிழ்ந்திருக்கு, கல்லைக் காணோம். 'எடுத்தீங்களா, ஆமா இல்லைன்னு மட்டும் சொல்லுங்க'ன்னு போன்ல கேட்டேன். ரெண்டு பேரும் சத்தியமா இல்லேங்கறாங்க. யாரோ எடுத்துட்டு, நம்ம சடங்கையே கிண்டல் பண்ணிட்டுப் போயிருக்காங்க."

"கல்லு விலை உள்ளதா?"

"தங்கவயல் சுரங்கத்துல இருந்து எங்கப்பா கொண்டாந்தது. வெறும் கல்லுதான், கொஞ்சம் மினுக்கும். இதுல தங்கம் இருக்குமான்னு பிரகாஷ் போன வாரம் கேட்டான். இனிமே வராதேன்னு நேத்தே போன்ல சொல்லிட்டேன்." அவள் குரல் உடைந்தது. "நாலு வருஷம் கூட உட்கார்ந்து பேசினவங்களையே மாத்தாத நெறி என்ன நெறிண்ணே? இன்னியோட வட்டத்தையும் கலைக்கிறேன், அஞ்சாவது புத்தகத்தையும் தூக்கிப் போடறேன்."

"ஹௌதா, நிஜமாவா? அப்போ பிரகாஷ்தான்!" என்றாள் ஷோபா.

"அவசரப்படாதேம்மா. வீட்டைப் பார்த்துட்டு வரலாம்."

ஹெலன் வீட்டு அடுப்பில் பால் பொங்கி வழிந்து காய்ந்து கிடந்தது. மதலைமுத்து அதையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"நேத்து டீ போட்டது யாரு?"

"எங்க வீட்டுக்காரர் கில்பர்ட்தான். எப்பவும் அவரேதான் டீ போட்டுட்டு டம்ளரையும் கழுவுவாரு. நேத்து பாலைப் பொங்க விட்டாரு, டம்ளரை அப்படியே சிங்க்ல போட்டுட்டாரு. கடைசில நான்தான் கழுவினேன். கல்லு போனதை அவருகிட்ட சொல்லலை. 'இல்லாத ஊருக்கு எதுக்குடி தத்துவம்'னு சிரிப்பாரு."

"நேத்து எதைப் பத்திப் பேசினீங்க?"

"கோபத்துல செஞ்ச சத்தியத்தைக் காப்பாத்தணுமான்னு. காப்பாத்தணும்னு பிரகாஷ் சொன்னான். முறைப்படி முதல்ல அவன் கட்சியை நான் பேசினேன். சத்தியம் பண்ணினவன் கெட்டவன் இல்லை, வலி தாங்காம பண்ணினான், அந்த வலியை யாருமே கேட்கலைன்னு சொன்னேன். அப்புறம்தான் மறுத்தேன்."

"கில்பர்ட் எங்கே?"

"ஓசூர் ரோட்டுல குழாய் சாமான் வாங்கணும்னு போனாரு. குழாய் வாங்கறதுக்குச் சர்ச்சுக்குப் போடற வெள்ளைச் சட்டை வேற!"

மதலைமுத்துவின் முகத்தில் மெல்லச் சிரிப்பு பரவியது. "பிள்ளைங்க?"

"ஒரே பொண்ணு, ஸ்னேஹா. அச்யுத்னு ஒரு பையனை எங்ககிட்ட சொல்லாமக் கட்டிக்கிட்டா. 'இனி உன் மூஞ்சில முழிக்க மாட்டேன்'னு இவரு பைபிள் மேல கை வெச்சுச் சொல்லிட்டாரு. மூணு வருஷமாச்சு. இப்போ அடுகோடில இருக்கா."

"பிரகாஷையும் காந்தாவையும் கூப்பிடும்மா."

அரை மணி நேரத்தில் இருவரும் வந்தார்கள். ஹெலன் எல்லோருக்கும் காபி கொடுத்தாள், பிரகாஷின் முகத்தைப் பார்க்காமலே கொடுத்தாள். அவன் டம்ளரைக் கீழே வைத்தான்.

"தங்கம்னு தமாஷுக்குத்தான் கேட்டேன் மேடம். என்னைப் போய்..."

"உட்காரு தம்பி" என்றார் மதலைமுத்து. "திருடன் கல்லை எடுத்துட்டு ஓடுவான். நின்னு நிதானமா கிண்ணத்தைக் கவிழ்க்க மாட்டான். ஹெலன், கவிழ்த்தவரு கிண்டல் பண்ணலை. உங்க நெறியை உங்களைவிட அதிகமா நம்பறாரு."

"அப்போ ரெண்டு பேர்ல ஒருத்தர்தானே?" என்றாள் ஷோபா.

"அங்கதான் எல்லாரும் ஏமாந்தீங்க. மறுகரைக்காரங்க ஆச்சே, பேசறவங்கதான் கரை மாறுவாங்கன்னு நினைச்சு வட்டத்துல உட்கார்ந்தவங்களை மட்டும் எண்ணினீங்க. கேட்கிறதுக்கு வட்டத்துல உட்காரணுமா என்ன? நாலு வருஷமா டீ கொண்டாந்தவருக்கும் காது இருக்கு."

ஹெலனின் கை வாய்க்குப் போனது.

"தன் வலியை முதல் தடவையா ஒருத்தர் வாய்விட்டுச் சொல்லக் கேட்டதும் அவரு அடுப்பை மறந்துட்டாரு, பால் பொங்கிடுச்சு. அப்புறம் நீங்க சொன்ன மறுப்பையும் கேட்டாரு. நீங்க எல்லாரும் கேட் வரைக்கும் போனதும் கல்லை எடுத்துக்கிட்டாரு. டம்ளரை ஏன் கழுவலை? மாறினவரு கழுவக் கூடாது, மாத்தினவங்கதான் கழுவணும். நீங்க கழுவினீங்க பாருங்க, தெரியாமலே சடங்கு முறையா முடிஞ்சுது. யாருகிட்ட சொல்லணுமோ அவங்ககிட்ட சொல்ற வரைக்கும் அவரு வாயைத் திறக்க மாட்டாரு. ஓசூர் ரோட்டுப் பக்கம்தானே அடுகோடி? பொண்ணைப் பார்க்கத்தான் நல்ல சட்டை போட்டுக்கிட்டுப் போயிருக்காரு. என் ஊகம் இது. தப்பா இருந்தா நீங்க வட்டத்தைக் கலைச்சுக்குங்க."

ஹெலன் போனை எடுத்து மகளை அழைத்தாள். ஸ்பீக்கரில் ஸ்னேஹாவின் குரல் தடுமாறிக்கொண்டு வந்தது.

"அம்மா, நானே கூப்பிடணும்னு இருந்தேன். அப்பா வந்திருக்காரும்மா. வாசல்ல நின்னு ஏதோ வெள்ளைக் கல்லை நீட்டறாரு. பேச்சே வரலை, அழறாரும்மா. இது என்ன கல்லு?"

"உள்ள கூப்பிடுடி முதல்ல! கல்லைப் பத்தி அவரே சொல்வாரு" என்று சொன்ன ஹெலனுக்கு அடக்க முடியாமல் அழுகை வந்தது. காந்தா அவளை அணைத்துக்கொண்டாள். தேம்பி முடித்ததும் ஹெலன் பிரகாஷின் பக்கம் திரும்பினாள்.

"உன்னைச் சந்தேகப்பட்டேன், உன் பக்கத்து நியாயத்தைக் கேட்கக்கூட இல்லை. நான் எழுதினதை நானே மறந்துட்டேன். மன்னிச்சுடுப்பா."

"விடுங்க மேடம். ஞாயித்துக்கிழமை வரலாமில்ல?"

"வராம இருந்தா பாரு! அஞ்சாவது புத்தகத்துக்கு நீதான் முதல் வாசகன்."

என்ன சாமர்த்தியம் பாருங்கள், இல்லாத நாட்டின் நெறி அடுகோடியில் நிஜமான ஒரு கதவைத் தட்டித் திறந்துவிட்டது! ஷோபா மூக்கை உறிஞ்சிக்கொண்டு திரும்பிப் பார்த்தபோது மதலைமுத்து காபி டம்ளர்களை ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டிருந்தார்.

"அங்கிள், நீங்க எதுக்கு?"

"வட்டத்தைக் கலைக்கணும்னு இருந்த ஹெலன் மனசை மாத்தினது யாரும்மா? நான்தானே? நீ அந்தத் துண்டை எடு."

அவர் குழாயைத் திறந்தார். ஷோபா துண்டுடன் பக்கத்தில் வந்து நின்றாள்.