கடைசிப் பக்கத்து வீரர்கள்

எச்சரிக்கைச் சங்கு ஊதியதும் செம்மண்நகர் மக்கள் பாயையும் சுண்டலையும் எடுத்துக்கொண்டு நிலவறைக்குப் போனார்கள். ஒருவரும் ஓடவில்லை. பனிக்கட்டிக்காக வடதுருவத்தாரோடு நடக்கும் போர் செவ்வாயில் பிறந்து வளர்ந்தவர்களுக்குப் பழகிப்போன சங்கதி. கதவு மூடியதும் அவரவர் கண்ணில் பதித்திருந்த விழிச்சில்லில் 'அனற்படை ஐவர்' சித்திரக்கதை விரியும். படித்து முடித்ததும் கண்ணைச் சிமிட்ட வேண்டும். மூன்று சிமிட்டு என்றால் பிரமாதம், ஒன்று என்றால் குப்பை. தலைக்கு மேல் குண்டு விழுந்தாலும் சிமிட்டுவதை மட்டும் மறக்கமாட்டார்கள்.

அந்தக் கதையை எழுதி வரைபவர் தணிகைவேல். ஆரம்பத்தில் அவருடைய வீரர்கள் ஆபத்து தலைகாட்டியதுமே வந்து குதித்தார்கள். வாசகர்கள் ஒற்றைச் சிமிட்டோடு தூக்கிப் போட்டார்கள். பிறகுதான் அவருக்குத் தொழில் பிடிபட்டது. ஊர் எரிய வேண்டும், தாய்மார் கதற வேண்டும், இனி எல்லாம் போயிற்று என்று படிப்பவர் நெஞ்சு அடைக்க வேண்டும். கடைசிப் பக்கத்தில்தான் ஐவரும் வானத்தைக் கிழித்துக்கொண்டு வர வேண்டும். சிமிட்டுகள் குவிந்தன. தணிகைவேலுக்கு அரசாங்க வீடும் கிடைத்தது.

இந்த மவுசைப் பார்த்துத்தான் போர்த்துறை ஐந்து எந்திர வீரர்களைச் செய்து, அனற்படையின் முகங்களையே அவர்களுக்குப் பொருத்தியது. வீரத்தைக் கற்றுக்கொடுக்கத் தணிகைவேலின் கதைகள் மொத்தத்தையும், வாசகர் சிமிட்டுகளோடு சேர்த்து, அவர்களுடைய போர்மூளையில் இறக்கினார்கள். மக்களுக்குப் பிடித்த வீரன் எப்படியோ அப்படியே இவர்களும் நடப்பார்கள் என்று மேலிடத்துக்கு நம்பிக்கை. அந்த நம்பிக்கை வீண்போகவில்லை என்பதுதான் கொடுமை.

அன்று சங்கு ஊதிய சற்று நேரத்தில் தணிகைவேலை ஏவுமேடைக்கு அழைத்துப் போனார்கள். தளபதி ரூபவதி வெளிறிப்போய் நின்றிருந்தாள்.

"பனிச்சுரங்கத்தைச் சுத்தி வளைச்சுட்டாங்க சார். நம்ம ஆளுங்க உள்ள மாட்டிக்கிட்டாங்க. இவங்க அஞ்சு பேரும் கிளம்பவே மாட்டேங்கறாங்க. நீங்க சொன்னாலாவது கேக்கறாங்களான்னு பாருங்க."

தணிகைவேல் அவர்களை நோக்கி ஓடினார். அவருடைய ஒரே மகள் நித்திலா அந்தச் சுரங்கத்தில்தான் நர்ஸாக இருந்தாள்.

ஐவரும் மார்பை நிமிர்த்தி, அவர் வரைந்த அதே தோரணையில் நின்றிருந்தார்கள்.

"இடிமாறா, என்னப்பா நிக்கறே? கிளம்பு. என் பொண்ணு உள்ள இருக்கா."

தலைவன் இடிமாறன் மரியாதையோடு குனிந்தான். "தெரியும் ஐயா. ஆனா இன்னும் கடைசிப் பக்கம் வரலையே. வெளிக்கதவு மட்டும்தானே உடைஞ்சிருக்கு."

"அது கதைடா. இது நிஜம்."

"நாங்க சீக்கிரம் போன கதை எதுவும் மக்களுக்குப் பிடிக்கலையே ஐயா. அவங்களுக்காகத்தானே நாங்க இருக்கோம்."

தணிகைவேல் அங்கேயே தரையில் உட்கார்ந்து புதுக்கதை ஒன்றை வரைந்தார். முதல் பக்கத்திலேயே ஐவரும் வந்து இறங்குகிறார்கள். ஒருவரும் சாகவில்லை. ஒரு நர்ஸ் வீட்டுக்கு வந்து அப்பாவோடு உட்கார்ந்து சாப்பிடுகிறாள். அவ்வளவுதான் கதை. வாழ்நாளில் அவர் இவ்வளவு மனசாரப் படம் போட்டதில்லை.

இடிமாறன் படித்துப் பார்த்தான். "நல்லாத்தான் இருக்கு. மக்களும் சரின்னுட்டா உடனே கிளம்பிடறோம்."

"எதுக்காகக் கேக்கறோம்னு ஜனங்ககிட்ட சொல்லிடுங்கம்மா" என்று தணிகைவேல் கெஞ்சினார்.

"சுரங்கம் விழப்போகுதுன்னு வெளிய சொல்ல எனக்கு அதிகாரம் இல்ல சார்" என்றாள் ரூபவதி. கதையை மட்டும் நிலவறைகளுக்கு அனுப்பினாள்.

"என்னங்க இது, ஆரம்பிக்கறதுக்குள்ள முடிஞ்சுபோச்சு?" என்றார் நிலவறையில் ஒருவர், சுண்டலை மென்றபடி.

"ஆளுக்குச் சரக்கு தீந்துபோச்சு போல" என்றாள் அவர் மனைவி. இருவரும் ஒரு முறை சிமிட்டினார்கள். ஊரே ஒரு முறைதான் சிமிட்டியது.

சுரங்கத்தின் உள்கதவும் உடைந்தது. வானொலியில் உதவி கேட்டுக்கொண்டிருந்த குரல்கள் ஒவ்வொன்றாக நின்றன. நித்திலாவின் குரல் எது என்று காதைத் தீட்டிக்கொண்டு கேட்டிருந்த தணிகைவேலுக்குக் கடைசியில் இரைச்சல் மட்டுமே கேட்டது.

"இப்பச் சரி" என்றான் இடிமாறன்.

ஐவரும் வானத்தைக் கிழித்துக்கொண்டு போனார்கள். அந்தப் போர் எல்லோருடைய விழிச்சில்லிலும் நேரலையாக ஓடியது. எதிரிப்படை பொடிப்பொடியானது. நிலவறைகளில் பாய்களை உதறிவிட்டு எழுந்து நின்று கைதட்டினார்கள், அழுதார்கள். புகைக்கு நடுவிலிருந்து இடிமாறன் நித்திலாவை இரண்டு கைகளிலும் ஏந்திக்கொண்டு நடந்து வந்தபோது, இதைவிட நல்ல முடிவு வந்ததே இல்லை என்று பேசிக்கொண்டார்கள்.

தணிகைவேல் எத்தனையோ அட்டைகளில் வரைந்த படம் அது. ஏவுமேடைக்குத் திரும்பிய இடிமாறன், மூச்சில்லாத அவளை அவர் காலடியில் கிடத்தினான். அவர் மகளின் முகத்தைப் பார்க்கும்போதே, அவர் கண்ணில் இருந்த சில்லிலும் வழக்கமான வரி வந்து நின்றது: பிடித்திருந்ததா? சிமிட்டவும்.

கண்ணில் நீர் நிறைந்து எதிரே எதுவும் தெரியவில்லை. இமைகள் தாமாக மூடித் திறந்தன, ஒரு முறை, இரு முறை, மூன்றாம் முறை.

சில்லு அதையும் பிரமாதத்தில் சேர்த்துக்கொண்டது.