பிடரியில் ஒரு வழுக்கை

முயலின் பிடரியில் மூன்று விரல் அகலத்துக்கு முடி இல்லை. அதைவிட சித்தியை உறுத்தியது, கூண்டில் ஒரு முடிகூட உதிர்ந்து கிடக்காததுதான்.

மூத்தாள் விட்டுப்போன மகள் உயிராக வளர்க்கும் முயல். ஏதாவது ஆனால் பழி இளையவளான தன் தலையில்தான் விடியும் என்று, புருஷன் வேலைக்குக் கிளம்பியதும் அதைக் கூடையில் போட்டு மருத்துவரிடம் கொண்டுபோனாள். அவர் கறுப்புத் தாளின்மேல் முடியைச் சீவி உதறிப் பார்த்தார். விளக்கடியில் தோலை விரித்துப் பார்த்தார்.

"பூச்சி இல்ல, படர்தாமரை இல்ல, ஈரப்புண்ணும் இல்லம்மா. முடி கொட்டல, ஏதோ அடியோட கடிச்ச மாதிரி இருக்கு. ஒரே கூண்டுல ரெண்டு இருந்தா பலமானது மத்ததோட முடியக் கடிச்சுத் தின்னும். இளைச்சது தலையக் குனிஞ்சு அசையாம குடுத்துக்கிட்டிருக்கும்."

"எங்ககிட்ட இருக்கிறதே இது ஒண்ணுதான் டாக்டர்."

"தானே கடிச்சுக்க அந்த இடம் வாய்க்கு எட்டாதே. வீட்ல குழந்தைங்க இருக்கா? கத்தரிக்கோல் வச்சு விளையாடியிருக்கலாம்."

அது போதும் அவளுக்கு. அந்த ஊமைக்கோட்டான் என்றைக்குக் கையும் களவுமாகச் சிக்கும் என்றுதானே காத்திருந்தாள். பள்ளிவிட்டு வந்த ஏழு வயதுக்காரியைப் பையைக்கூட இறக்க விடவில்லை.

"கத்தரிக்கோல எங்கடி ஒளிச்சே?"

"நான் வெட்டல சித்தி. அந்த ரூம்ல இருந்தா அப்படித்தான் ஆகும்."

"கதையா விடுறே. அப்பா வர்ற வரைக்கும் நீயும் அங்கயே கிட."

"அங்க மட்டும் வேணாம் சித்தி."

கெஞ்சலைக் கேட்க அவளுக்கு இனிப்பாகத்தான் இருந்தது. கூண்டு இருந்த சாமான் அறைக்குள் பிள்ளையைத் தள்ளித் தாழ்ப்பாள் போட்டாள்.

துணி மடித்துக்கொண்டிருந்தவளிடம் முதலில் வாடைதான் வந்தது, துருப்பிடித்த தகரமும் ஊறிப்போன தலைமுடியும் கலந்தது போல, கதவிடுக்கு வழியாகத் தரையோடு தவழ்ந்து. அதன் பின்னாலேயே நறுக், நறுக்கென்று, அவசரமே இல்லாமல், நடுவில் நிறுத்தி விழுங்கிவிட்டு மறுபடி தொடங்கும் மெல்லும் சத்தம். முயல் புல் தின்கிறது என்று நினைத்தாள். புல்லையெல்லாம் காலையிலேயே அள்ளிக் குப்பையில் கொட்டியாயிற்று.

"ஏய். என்ன பண்றே உள்ள?"

சத்தம் நின்றது. தாழ்ப்பாளை நீக்கினாள்.

மூலையில் முயல் குனிந்திருந்தது. பக்கத்தில் அதைப் போலவே பிள்ளை. இரட்டைச் சடையில் ஒன்று இல்லை. பிடரி வெறும் தோல். எச்சில் ஈரம். தரையில் ஒரு முடி இல்லை. வேறு யாரும் இல்லை.

ஐயோ, நான்தானே அடைத்தேன் என்று ஓடிப்போய்ப் பிள்ளையின் கையைப் பிடித்து இழுத்தாள். பிள்ளை எழவில்லை.

"குனிஞ்சுக்கோங்க சித்தி. அசைஞ்சா தோலோட வந்துரும்."

பின்னால் கதவு சாத்திக்கொண்டது. கொண்டை அவிழ்ந்தது. பின்கழுத்தில் சூடான மூச்சு.

வாசலில் புருஷனின் வண்டி வந்து நின்றது. "எங்க எல்லாரும்?" என்று கேட்டபடி காலடி நெருங்கியது. வராதே என்று கத்த வேண்டும். ஒரு சொல் போதும்.

மூன்று தலைகளும் குனிந்தே இருந்தன. சத்தம் நிதானமாக மறுபடி தொடங்கியது.