நேரா உள்ள வா

மாலை ஆறே முக்கால். ஹெட்செட்டில் புது ஆள் சொன்னான்: "வந்துட்டேன் சார்."

வந்திருக்க முடியாது.

அட்மின் நாற்காலியில் நிமிர்ந்தான். அட்மின் என்பது அவன் பெயரில்லை. கணினித் துப்பாக்கி விளையாட்டில் அவன் நடத்தும் சர்வரில் எல்லாரும் அப்படித்தான் கூப்பிடுவார்கள். அவனுக்கும் அதுவே பிடித்திருந்தது.

விளையாட்டுக் கம்பெனியின் சொந்த சர்வர்களில் ஆடுகிறவர்களை அவன் மனிதக் கணக்கில் சேர்ப்பதில்லை. அங்கே ஒரு பொத்தானை அழுத்தினால் போதும். கம்பெனியே கையைப் பிடித்துக் கூட்டிப்போய் ஏதோ ஒரு போர்க்களத்தில் இறக்கிவிடும், குழந்தையைப் பள்ளி வேனில் ஏற்றுவது மாதிரி. இவனுடையது ஆடுகிறவர்களே நடத்தும் சர்வர். பட்டியலில் தேடினால் அகப்படாது. வேண்டுமென்றே மறைத்து வைத்திருந்தான். கறுப்புக் கட்டளைப் பெட்டியைத் திறந்து, எண்களாலான முகவரியைக் கையால் தட்டி, நேராக வர வேண்டும். தட்டத் தெரிந்தவன் உள்ளே. தெரியாதவன் வெளியே. உலகத்தை இதைவிடச் சுத்தமாக யாரும் பிரித்ததில்லை என்பது அவன் எண்ணம்.

பகலில் அவன் ஒரு காப்பீட்டு அலுவலகத்தில் கணினி பழுது பார்ப்பவன். ஒயர் பிடுங்கிக் கிடப்பது தெரியாமல் திரையைத் தட்டும் மேலாளர்களிடம் நாள் முழுக்க "சரி சார்" என்பான். அதனால், ஒருத்தன் தன்னைச் சார் என்று கூப்பிட்டபடி வந்ததும் அவனுக்கு நாக்கில் எச்சில் ஊறியது.

ஆடுகிறவர்கள் ஹெட்செட்டில் பேசிக்கொள்ளும் குரல் அறைக்குள் புது ஆள் வந்து சற்று நேரம்தான் ஆகியிருந்தது. வயது பிடிபடாத, தயங்கித் தயங்கிப் பேசும் ஆண்குரல். பெயர் போட வேண்டிய இடத்தைக் காலியாக விட்டிருந்தான்.

"உங்க சர்வர்ல ஆடணும் சார். லிஸ்ட்ல காணோமே."

"லிஸ்ட்லயா தேடினே? காய்கறிக் கடையில கேட்டுப் பாக்கறதுதானே."

குரல் அறையில் இருந்த இன்னொருவன் சிரித்தான். எப்போதும் சுவரோடு ஒட்டி நின்று சுடுவதால் அவனுக்குப் பல்லி என்று பெயர். அட்மின் எதைச் சொன்னாலும் சிரிப்பான். அட்மினுக்குப் பல்லியின் மேலும் மரியாதை கிடையாது. சிரிப்பு மட்டும் வேண்டியிருந்தது.

"கோச்சுக்காதீங்க சார். எப்படி வரணும்னு சொல்லுங்க."

"அட்ரஸ் தரேன், தட்டு. நூத்தி இருபத்தேழு, புள்ளி, சைபர், புள்ளி, சைபர், புள்ளி, ஒண்ணு."

பல்லி மூக்கால் ஒரு சத்தம் போட்டான்.

பழைய வேடிக்கை. எந்தக் கணினியில் தட்டினாலும் அந்த எண் அந்தக் கணினியையே குறிக்கும். தட்டுகிறவன் தன் வீட்டுக் கதவைத் தானே தட்டிக்கொண்டு நிற்பான். கொஞ்ச நேரம் சுற்றிவிட்டு, இணைக்க முடியவில்லை என்று வரும். அவன் "வரலையே" என்பான். "மறுபடி போடு" என்று சொல்லலாம். சில பேர் அரை மணி நேரம்கூடப் போட்டிருக்கிறார்கள்.

"இது யாரோட அட்ரஸ் சார்?"

"என் வீடுய்யா. வேற யார் வீட்டுக்கு வழி சொல்லுவேன்?"

"வீட்டுக்கே வரச் சொல்றீங்களா?"

"ஆமா. நேரா உள்ள வா. வாசல்ல நின்னு தட்டிக்கிட்டு இருக்காதே."

"சந்தோஷம் சார்."

அப்புறம்தான் அந்த "வந்துட்டேன்".

"எங்க வந்தே?" என்றான் அட்மின்.

"உள்ளதான் சார். கதவு திறந்து இருந்துச்சு. செருப்பு வைக்கிற ஸ்டாண்ட் ஒண்ணு இருக்கு. கையில துப்பாக்கி தெரியுது."

"எந்த மேப்புடா இது?" என்றான் பல்லி. "செருப்பு ஸ்டாண்டெல்லாம் வெச்சு?"

"பொய் சொல்றான்," என்றான் அட்மின்.

அட்மின் தன் சர்வரைப் பார்த்தான். காலி. அவன் கட்டிய போர்க்களத்தில் அவன் வைத்த பீப்பாய்கள் மட்டும் நின்றன. இடுப்பில் போன் அதிர்ந்தது. மனைவி. மருந்துக் கடையில் மாலை வேலை, இரவுதான் வருவாள். ஒரு காதை மட்டும் விடுவித்துப் பேசினான்.

"பாப்பா எழுந்தாளா?"

"தூங்கறா."

"தொட்டுப் பாத்தீங்களா?"

"பாக்கறேன்."

"உங்க சர்வர்ல இருக்கறவங்களுக்குக் காய்ச்சல் வராது. நம்ம வீட்டுல இருக்கறவளுக்கு வந்திருக்கு. எழுந்து போய்த் தொட்டுப் பாருங்க."

"சரி, வை."

அவளுக்கு எண்ணும் தெரியாது எழுத்தும் தெரியாது என்கிற முகத்தோடு போனைக் கவிழ்த்து வைத்தான். அவள் மருந்தாளுநர். மகள் உள்ளறையில் இருந்தாள், ஐந்து வயது, மதியம் குடித்த மருந்தில் அயர்ந்து கிடந்தாள். இந்த அறைக்கும் அந்த அறைக்கும் நடுவில் ஹால்.

ஹெட்செட்டைச் சரியாக மாட்டினான். புது ஆள் நடந்துகொண்டிருந்தான்.

காலடிச் சத்தத்தில் அட்மின் கெட்டிக்காரன். சரளையா, பலகையா, தகரமா என்று கேட்ட மாத்திரத்தில் சொல்வான். எதிரி எந்தச் சுவருக்குப் பின்னால் வருகிறான் என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வான். இது தரை ஓடு. வெறும் காலில்லை, ஏதோ கனமான அடி, நிதானமாக வைத்து எடுக்கிற அடி. நடைவழியின் குறுகலுக்குள் சத்தம் இரண்டு பக்கமும் மோதித் திரும்பியது. பிறகு அகலமான இடம். பிறகு, ஒரு டொக்.

சமையலறைக்கு முன்னால் ஒரு ஓடு பெயர்ந்திருந்தது. மிதித்தால் அப்படித்தான் சத்தம் கேட்கும்.

எத்தனையோ வீடுகளில் ஓடு பெயர்ந்திருக்கும்.

"சார், அந்த ஸ்டாண்ட்ல ஒரு சின்னச் செருப்பு பாத்தேன்," என்றான் புது ஆள். "பட்டாம்பூச்சி போட்டது. பாவம், வார் அறுந்து ஊக்கு குத்தியிருக்காங்க."

அந்த ஊக்கைக் காலையில் குத்தியவன் அட்மின்.

ஹெட்செட்டைக் கழற்றினான். உடனே வீடு அமைதியானது. எழுந்து ஹாலுக்குப் போனான். குழல் விளக்கு எரிந்தது. சமையலறையில் குளிர்ப்பெட்டி முனகியது. வாசல் கதவு பூட்டியிருந்தது, சங்கிலியும் போட்டிருந்தது. ஸ்டாண்டில் செருப்பு இருந்தது, ஊக்கோடு. பெயர்ந்த ஓட்டின் மேல் நின்று பார்த்தான். டொக். யாரும் இல்லை. தன் முட்டாள்தனத்தை நினைத்து வாய்க்குள்ளேயே ஒரு கெட்ட வார்த்தை சொன்னான். திரும்பி வந்து மாட்டிக்கொண்டான்.

"...பயந்தே போயிட்டேன் சார். இப்ப ஒருத்தர் வந்தார். என் மூக்குக்கு நேரா நின்னு தரையை மிதிச்சுப் பாத்தார். என்னைப் பாக்கல. அவரே ஏதோ திட்டிக்கிட்டுப் போயிட்டார்."

பல்லி விழுந்து விழுந்து சிரித்தான். "உன்னையே ஓட்டறான்டா! இத்தனை நாள்ல உன்னை ஓட்ட ஒருத்தன் வந்தான் பார்."

"வாயை மூடு."

"சரிப்பா, கோவப்படாதே. நான் டீ போட்டுட்டு வரேன். அவனை வெளிய தள்ளிடாதே, கதை நல்லா இருக்கு." பல்லி குரல் அறையை விட்டுப் போய்விட்டான்.

அட்மின் புது ஆளை வெளியே தள்ளினான். அதற்கு ஒரே கட்டளை போதும், அதைத் தட்டும்போது எப்போதும் விரலில் ஒரு சுகம் இருக்கும். குரல் அறையில் இனி அட்மின் ஒருத்தன் மட்டுமே என்று திரை காட்டியது.

"ஃப்ரிட்ஜ் மேல மருந்து பாட்டில் இருக்கு சார்," என்றது குரல்.

அட்மின் மேஜைக்கடியில் குனிந்து இணைய ஒயரைப் பிடுங்கினான். குரல் அறை மறைந்தது. சர்வர் மறைந்தது. தொடர்பு இல்லை என்று திரை சொன்னது.

"மூடி சரியா மூடல," என்றது குரல்.

அந்த முகவரிக்கு ஒயர் வேண்டாம். அது வெளியே எங்கும் போவதில்லை. அட்மினுக்குத் தெரியும். தெரியாதவர்களைப் பார்த்துச் சிரிப்பதே அவன் பிழைப்பு.

கணினியின் பொத்தான் மேல் விரலை வைத்தான். அழுத்தவில்லை. அணைத்தால் குரல் போகும். அவன் போவானா? போகாமல், எங்கே நிற்கிறான் என்று மட்டும் தெரியாமல் போனால்?

விரலை எடுத்தான்.

"வெளிய போ," என்றான் மைக்கில்.

"எப்படி சார் போறது? வரதுக்கு மட்டும்தானே சொல்லிக் குடுத்தீங்க."

"டிஸ்கனெக்ட்னு தட்டு. அவ்வளவுதான். தட்டு."

"எதுல தட்டறது சார்? இங்க கீபோர்டு எதுவும் இல்லையே. நான்தான் உள்ள இருக்கேனே."

குரலில் கிண்டல் இல்லை. அட்மின் தேடினான். கிண்டலுக்காக ஏங்கினான். மேலாளர்கள் போன் செய்து, ஒண்ணும் புரியலப்பா, நீயே வந்து பாரேன் என்பார்களே, அந்தக் குரல்.

"தப்பா எடுத்துக்காதே," என்றான். "நான் சும்மா விளையாட்டுக்குச் சொன்னேன்."

"விளையாடத்தானே சார் வந்தேன்."

ஹெட்செட்டில் ஒரு வெடி. காதுக்குள் குத்தியது. அதே கணம், வெளியே, கண்ணாடி உதிரும் சத்தம். கதவிடுக்கில் வந்துகொண்டிருந்த ஹால் வெளிச்சம் இல்லை.

"ஐயோ, சாரி சார். விரல் பட்டுடுச்சு. லைட் போயிடுச்சு."

அட்மின் எழவில்லை. திரையின் நீல வெளிச்சத்தில் தன் கைகளைப் பார்த்தான். எத்தனை பேரைக் கொன்ற கைகள். சிரித்தபடி, பேசியபடி, தின்றபடி. இப்போது அவை மேஜை விளிம்பை விடாமல் பிடித்திருப்பதை அவனே ஓர் இளப்பத்தோடு பார்த்தான்.

காலடி. ஓட்டின் மேல், கண்ணாடித் தூளின் மேல். நறநறவென்று. வலது காதிலிருந்து இடது காதுக்கு நகர்ந்தது. அது எந்தப் பக்கம் என்று அவனுக்குத் தெரியும்.

"ஒரு கதவு லேசாத் திறந்திருக்கு சார். மருந்து வாசனை அடிக்குது."

எந்த விளையாட்டிலும் வாசனை கிடையாது.

"அங்க போகாதே. கேக்குதா? திரும்பு. சமையக்கட்டுக்குப் போ. அங்க இருக்கு. அங்கதான் ஆள் இருக்கு."

"அங்க பாத்துட்டேன் சார். யாருமில்ல."

அட்மின் எழுந்தான். ஹெட்செட் ஒயர் கழுத்தை இழுத்தது. உள்ளறைக்கு எட்டாது. இதைக் கழற்றினால் அவன் எங்கே நிற்கிறான் என்று தெரியாது. கழற்றாவிட்டால் மகளிடம் போக முடியாது. மூளை வேலை செய்தது. எப்போதும் போல, மற்றவர்களின் மூளையைவிட வேகமாக. ஒயரைக் கணினியிலிருந்து பிடுங்கினான். சத்தம் மேஜை ஸ்பீக்கருக்கு மாறியது. குமிழைக் கடைசிவரை திருகினான். இனி வீடு முழுக்கக் கேட்கும்.

ஓடினான்.

ஹால் இருட்டு. கண்ணாடி பாதத்தில் ஏறியது. பின்னாலிருந்து ஸ்பீக்கரில் பெரிய காலடிகள், வீடே நடப்பது போல. அவன் வைத்த அடிக்கும் அந்த அடிக்கும் நடுவில் இடைவெளி குறைந்தது. கதவு. மருந்து வாசனை. சின்ன இரவு விளக்கின் மஞ்சள்.

மகள் எழுந்து உட்கார்ந்திருந்தாள். நெற்றியில் முடி ஒட்டியிருந்தது. அவனைப் பார்க்கவில்லை. அவன் தோளுக்கு மேலே, உயரமாக, எதையோ பார்த்தாள்.

"பாப்பா."

அவள் அசையவில்லை. அவன் கட்டிலின் முன்னால் போய்க் கையை விரித்து நின்றான். அவள் பார்வை நகர்ந்தது. அவனும் நகர்ந்தான். அது மறுபடி நகர்ந்தது. எந்தப் பக்கம் மறைப்பது? அறையில் காற்று ஒருபுறம் மட்டும் கனத்துக் கிடந்தது. தரையில் கண்ணாடித் தூள், கதவிலிருந்து கட்டில்வரை. அவன் கொண்டுவந்த தூளில் ரத்தம் இருந்தது. பக்கத்தில் இன்னொரு வரிசையும் இருந்தது. அதில் இல்லை.

அவன் அறையிலிருந்து ஸ்பீக்கர் பேசியது. அதே பணிவு. சுவரெல்லாம் அதிர்ந்தது.

"சார், லைன்ல இருக்கீங்களா? கட்டில்ல ஒரு சின்னப் பொண்ணு உக்காந்திருக்கு."

"என் பொண்ணு!" என்று கத்தினான். "என் பொண்ணுய்யா! சுடாதே!"

பதிலுக்குக் காத்திருந்தபோதுதான் புரிந்தது. மைக் ஹெட்செட்டில் இருந்தது. ஹெட்செட்டை அவன்தான் பிடுங்கிப் போட்டான். அலுவலகத்தில் வாரம் ஒருத்தர் செய்கிற தவறு. அதைச் செய்கிறவர்களுக்கு அவன் ஒரு பெயர்கூட வைத்திருந்தான்.

மகளை இழுத்து அணைத்தான். உடம்பு கொதித்தது. அவள் கண்கள் இன்னும் மேலேயே இருந்தன. மேலேயிருந்து மெல்ல, மெல்லக் கீழே இறங்கின, யாரோ எதிரே குனிவதைப் பார்ப்பது போல.

"சார்? சத்தத்தையே காணோமே. எல்லாரும் சாதாரணத் துணியில இருக்காங்க, எனக்கு அடையாளம் தெரியல. இந்தப் பாப்பா நம்ம ஆளா சார், எதிரியா?"