தெருவா, சக்கரமா?

கீழ்த்தளத்துச் சலவை அறையில் யாரோ பாடிக்கொண்டிருந்தார்கள்.

தக்ஷினி படியிலேயே நின்றுவிட்டாள். துணிக் கூடையோடு பின்னால் வந்த அம்மா அவள் முதுகில் மோதி, ஏன் நின்றாய் என்று கேட்டார். தக்ஷினி உதட்டில் விரலை வைத்துக் காட்டினாள்.

ஓர் ஆணின் குரல். சலவை இயந்திரங்களின் இரைச்சலையும் தாண்டி அது கணீரென்று மேலே வந்தது. பாட்டு பிரெஞ்சில் இருந்தது. அம்மாவுக்கு பிரெஞ்சு அவ்வளவாகப் புரியாது. தக்ஷினி பிரெஞ்சுப் பள்ளிக்கூடத்தில் ஐந்தாம் வகுப்பு படிக்கிறாள். அவளுக்கு ஒவ்வொரு சொல்லும் புரிந்தது. அதனால்தான் நின்றுவிட்டாள்.

"என்ன பாடுறார்?" என்று அம்மா கேட்டார்.

"இந்த ஊரில இருக்கிற ஒவ்வொரு சக்கரமும் தனக்குத் தெரியுமாம்."

"சக்கரமா?"

"ஓம் அம்மா. சக்கரம்."

அம்மா சற்று யோசித்துவிட்டு, கார் திருத்துகிற ஆளாக இருக்கலாம் என்றார்.

அவர்கள் கனடாவின் மொன்றியல் நகரத்தில், கோட்-டெ-நெய்ஜ் பகுதியில் ஓர் அடுக்குமாடிக் கட்டடத்தின் மூன்றாம் மாடியில் இருந்தார்கள். அம்மா றஜனிக்குப் பக்கத்து வைத்தியசாலையில் துப்புரவு வேலை. அப்பா தொழிற்சாலையில் மாலை வேலைக்குப் போவார். அதனால் திங்கட்கிழமை பின்னேரங்களில் அம்மாவும் மகளும் துணி தோய்க்கக் கீழே வருவார்கள். அது 2004ஆம் ஆண்டு நவம்பர் மாதக் கடைசி. வெளியே நடைபாதையில் முதல் பனி இறுகிக் கண்ணாடி போலக் கிடந்தது.

சலவை அறைக்குள் உயரமான, மெலிந்த ஒருவர் சுவரைப் பார்த்தபடி நின்று அதே வரியைத் திரும்பத் திரும்பப் பாடிக்கொண்டிருந்தார். ஒவ்வொரு முறையும் முன்னதைவிடச் சத்தமாகப் பாடினார். ஒவ்வொரு முறையும் சக்கரம்தான் வந்தது. இவர்களைக் கண்டதும் வெட்கப்பட்டு, பிரெஞ்சில் வணக்கம் சொல்லிவிட்டு, இயந்திரத்திலிருந்து தன் துணிகளை அவசரமாக அள்ளினார். ஒரு காலுறை நழுவி, துடைப்பம் தோய்க்கும் வாளிக்குள் விழுந்தது.

"ஐயோ, போச்சு," என்றார் தமிழில்.

அதற்குப் பிறகு அம்மாவுக்கு வெட்கம் ஏது. எந்த ஊர், எந்த மாடி, எப்போது வந்தவர் என்று எல்லாவற்றையும் விசாரித்துவிட்டார். அவர் பெயர் கிறிஸ்தோப்பர். மட்டக்களப்பில் பிறந்து, ஒன்பது வயதில் ரொறொன்ரோவுக்கு வந்தவர். ஒரு மாதமாகத்தான் இந்தக் கட்டடத்தின் முதலாம் மாடியில் இருக்கிறார். கார் திருத்துகிறவர் இல்லை. இசை நாடக நடிகர்.

"இசை நாடகம் எண்டா என்ன மாமா?" என்று தக்ஷினி கேட்டாள்.

கதைக்க வேண்டிய இடத்தில் பாடுவார்கள், நடக்க வேண்டிய இடத்தில் ஆடுவார்கள், ஆனால் கதை உண்மைபோலவே இருக்கும் என்று அவர் விளக்கினார். தக்ஷினிக்கு அடுத்த கேள்வி வந்தது. அதற்குப் பிறகு இன்னொன்று. அவர் எதற்கும் சலிக்காமல் பதில் சொன்னார்.

தேவாலயப் பாடகர் குழுவில் தொடங்கி, நாடகப் பள்ளியில் படித்து, பதினொரு வருடங்களாக கனடா முழுவதும் நடித்து வருகிறாராம். கிழக்கே ஒரு தீவில் கோடைகால நாடகத்தில் கடல் அலையாக நடித்தார். நீலத் துணியைப் பிடித்துக்கொண்டு இரண்டு மணி நேரம் ஆடுவதுதான் வேலை. வின்னிபெக்கில் மாட்டின் பின்னங்காலாக நடித்தார். முன்னங்காலாக நடித்தவர் உயரம் குறைந்தவர் என்பதால் மாடு எப்போதும் மலையிலிருந்து இறங்குவதுபோல் இருக்குமாம். பெயருள்ள ஒரு பாத்திரம் மட்டும் இதுவரை கிடைக்கவில்லை.

மொன்றியலிலும் அவர் கூட்டத்தில் ஒருவராகத்தான் வந்திருந்தார். அதோடு, கதாநாயகனுக்கு மாற்று நடிகர். கதாநாயகனின் பாட்டு, வசனம், அசைவு எல்லாவற்றையும் அப்படியே படித்து வைத்துக்கொண்டு, அவருக்கு ஏதாவது ஆனால் மட்டும் மேடையேற வேண்டும். கதாநாயகனாக நடிக்க இருந்த அல்பேர் என்பவர் நேற்றுப் பனியில் சறுக்கி விழுந்து காலை முறித்துக்கொண்டார். சனிக்கிழமை முதல் காட்சி.

"அப்ப நீங்கள்தான் கதாநாயகன்," என்றாள் தக்ஷினி.

"இன்னும் இல்லை," என்றார் கிறிஸ்தோப்பர். அவருடைய பிரெஞ்சு துப்புரவாக இல்லை என்று இயக்குநர் அம்மையார் சொல்லியிருக்கிறார். வியாழக்கிழமை ஒத்திகையில் அது சரிவராவிட்டால் கியூபெக் நகரத்திலிருந்து வேறொருவரை அழைப்பார்கள். அதனால்தான் இந்த அறையில் வந்து பழகுகிறார். வீட்டில் பாடினால் பக்கத்து வீட்டுக்காரர் சுவரில் தட்டுகிறாராம்.

"என்ன கதை மாமா அது?"

பழைய துறைமுகத்தில் கடிதம் கொடுக்கும் ஒரு தபால்காரரின் கதை. ஊரின் ஒவ்வொரு தெருவும் அவருக்குத் தெரியும். இதைச் சொல்லிவிட்டு, இதுதான் அந்த வரி என்று அவர் மறுபடியும் பாடிக் காட்டினார். சக்கரம் என்றே பாடினார்.

தக்ஷினிக்குச் சிரிப்பு முட்டிக்கொண்டு வந்தது. தெருவுக்கும் சக்கரத்துக்கும் பிரெஞ்சில் ஏறக்குறைய ஒரே சொல்தான். கடைசியில் வரும் ஒலி மட்டும் வேறு. அம்மா முறைத்த முறைப்பில் அவள் சிரிப்பை விழுங்கிக்கொண்டாள்.

வீட்டுக்கு வந்ததும், மாமாவுக்குப் பிழையைச் சொல்லப்போகிறேன் என்றாள். அம்மா வேண்டாம் என்றார். பெரிய ஆட்களின் பிழையைச் சின்னப்பிள்ளை பிடிக்கக் கூடாது, அவருக்கு மனம் நோகும் என்றார்.

தக்ஷினி சாப்பிடும்போதும் அதையே யோசித்துக்கொண்டிருந்தாள். பிறகு, இதுவரை யாருக்கும் சொல்லாத ஒன்றை அம்மாவுக்குச் சொன்னாள். மூன்று வருடங்களுக்கு முன், திருகோணமலையிலிருந்து வந்த புதிதில், தினமும் காலையில் என்ன செய்வாய் என்று ஆசிரியை கேட்டார். அம்மா என் தலைமயிரை வாரிவிடுவார் என்று அவள் சொல்ல நினைத்தாள். ஒலி கொஞ்சம் மாறிப்போய், அம்மா என் குதிரைகளை வாரிவிடுவார் என்று சொல்லிவிட்டாள். வகுப்பே சிரித்தது. ஏன் என்று தெரியாமல் அவளும் சேர்ந்து சிரித்தாள். பின்னேரம் வரைக்கும் ஒவ்வொருவராக வந்து உன் குதிரைகள் சுகமா என்று கேட்டார்கள். வீட்டுக்குப் போகும் நேரத்தில்தான் ஒரு பிள்ளை அவளைத் தனியே கூப்பிட்டு, காதுக்குள் விஷயத்தைச் சொன்னாள்.

"பிழை விட்டது பெரிசாத் தெரியேல்லை அம்மா," என்றாள் தக்ஷினி. "எல்லாருக்கும் தெரிஞ்சது எனக்கு மட்டும் தெரியாம இருந்ததுதான் கவலை."

அம்மா அவள் தலையைத் தடவி, "நாளைக்குப் போவம். சிரிக்காமச் சொல்ல வேணும்," என்றார்.

செவ்வாய்க்கிழமை, துவைக்கத் துணி எதுவும் இல்லாமலே இருவரும் கீழே போனார்கள். கிறிஸ்தோப்பர் பாடிக்கொண்டிருந்தார். தக்ஷினி முதலில் குதிரைக் கதையைச் சொன்னாள். அவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அவர் சிரித்து முடித்த பிறகு அவள் மெதுவாகச் சொன்னாள்.

"மாமா, நீங்கள் தெரு எண்டு பாடேல்லை. சக்கரம் எண்டு பாடுறீங்கள்."

கிறிஸ்தோப்பர் இயந்திரத்தின்மேல் சாய்ந்துகொண்டு, அந்த வரி வரும்போதெல்லாம் வாத்தியக்காரர்கள் ஏன் இருமுகிறார்கள் என்று இப்போதுதான் புரிகிறது என்றார். துப்புரவாக இல்லை என்று எல்லாரும் சொன்னார்கள். எந்த இடத்தில் என்று ஒருவரும் சொல்லவில்லை. அதனால் அவர் இன்னும் சத்தமாகப் பாடிப் பார்த்திருக்கிறார்.

"சத்தமாப் பாடினா சக்கரம் பெரிசாகும். தெருவாகாது," என்றாள் தக்ஷினி.

அந்த ஒலிக்குத் தமிழில் எழுத்து இல்லை. ஆனால் வழி இருந்தது. முதலில் ஈ என்று சொல்ல வேண்டும். நாக்கை அப்படியே வைத்துக்கொண்டு, உதட்டை மட்டும் ஊ சொல்வதுபோலக் குவிக்க வேண்டும். வகுப்பில் அவள் அப்படித்தான் பழகினாள். கிறிஸ்தோப்பர் செய்து பார்த்தார். அம்மாவும் செய்து பார்த்தார். உலர்த்தும் இயந்திரத்துக்குத் துணி கொண்டுவந்த ஒரு வயதானவர், மூன்று பேர் உதட்டைக் குவித்துக்கொண்டு நிற்பதைப் பார்த்துவிட்டு, வந்த வழியே திரும்பிப் போனார்.

பத்து நிமிடத்தில் தெரு வந்துவிட்டது.

புதன்கிழமை புதுச் சிக்கல் வந்தது. சொல்லும்போது தெருவாக இருந்த சொல், பாடும்போது சக்கரமாகிவிட்டது. அந்த இடத்தில் பாட்டு உச்சிக்கு ஏறி நீண்டு நிற்கும். அவர் முழுக் குரலில் பாட வாயைத் திறப்பார். திறந்த உடனே குவிந்த உதடு விரிந்துவிடும். இருபது தடவை பாடினார். இருபது சக்கரங்கள் வந்தன. நாளைக்கு ஒத்திகை. அவர் முகம் வாடிவிட்டது.

தக்ஷினி அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஏன் மாமா அவ்வளவு சத்தமாப் பாடுறீங்கள்?"

அல்பேர் அப்படித்தான் பாடுவார் என்றார் கிறிஸ்தோப்பர்.

"பாட்டை எழுதினவை அப்படியா எழுதியிருக்கினம்?"

அவர் பையிலிருந்து பாட்டுத் தாள்களை எடுத்து விரித்தார். அந்தச் சுரத்துக்குக் கீழே சின்னதாக ஓர் எழுத்து இருந்தது. சத்தத்தைக் குறைத்து மெதுவாகப் பாட வேண்டும் என்பதற்கான அடையாளம் அது என்று சொன்னார். அல்பேருக்கு உரத்துப் பாடப் பிடிக்கும், இயக்குநரும் விட்டுவிட்டார். மாற்று நடிகர் புதிதாக எதையும் செய்யக் கூடாது. கதாநாயகன் செய்ததை அப்படியே செய்ய வேண்டும். இல்லாவிட்டால் மேடையில் மற்றவர்கள் தடுமாறுவார்கள். அவர் பதினொரு வருடங்களாகப் பழகியது அதுதான்.

தக்ஷினி அதைக் கேட்டுவிட்டுச் சொன்னாள்:

"ஆனா அல்பேர் வரமாட்டார்தானே மாமா?"

மெதுவாகப் பாடினால் கடைசி வரிசைக்குக் கேட்காது என்று கிறிஸ்தோப்பர் முணுமுணுத்தார்.

அதற்கு வழி அம்மாவிடம் இருந்தது. அவர் கீழ்த்தள நடைபாதையின் மறுமுனைக்கு, கொதிகலன் அறை வாசல் வரை நடந்து போய் நின்றுகொண்டார். "எனக்கு பிரெஞ்சு தெரியாது. காது இருக்கு. பாடுங்கோ தம்பி," என்று அங்கிருந்து சொன்னார்.

ஓடிக்கொண்டிருந்த இயந்திரம் நிற்கும்வரை காத்திருந்தார்கள். பிறகு கிறிஸ்தோப்பர் பாடினார். அந்தச் சுரம் வந்ததும் குரலை இறக்கினார். பக்கத்தில் நிற்கும் ஒருவருக்கு ரகசியம் சொல்வதுபோலப் பாடினார். உதடு விரியவில்லை. அந்தச் சொல் மெல்லிய நூல்போல நடைபாதை முழுவதும் நீண்டு போனது.

தூரத்தில் அம்மா கையைத் தூக்கினார்.

தன் ஊரின் தெருக்களை நினைத்து ஒருவர் பாடுவது அப்போதுதான் தக்ஷினிக்குப் பாட்டாகக் கேட்டது.

வியாழக்கிழமை ஒத்திகையில் நடந்ததை அவர் வந்து சொன்னார். பாடுவதற்கு முன்பே இயக்குநரிடம் போய், எழுதியிருக்கிறபடி மெதுவாகப் பாடட்டுமா என்று கேட்டாராம். இதுவரை எந்த நாடகத்திலும் அவர் இப்படிக் கேட்டதில்லை. இயக்குநர், பாடுங்கள் பார்க்கலாம் என்றாராம். பாடி முடித்தபோது வாத்தியக்காரர்கள் யாரும் இருமவில்லை. இயக்குநர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு, கியூபெக் நகரத்துக்குத் தொலைபேசி எடுக்கத் தேவையில்லை என்று மட்டும் சொன்னாராம்.

சனிக்கிழமை பகல் காட்சிக்கு அம்மாவும் தக்ஷினியும் மெட்ரோவில் போனார்கள். கிறிஸ்தோப்பர் நடுவில் இடம் எடுத்துத் தருவதாகச் சொல்லியிருந்தார். கடைசி வரிசைதான் வேண்டும் என்று தக்ஷினி கேட்டு வாங்கியிருந்தாள். விளக்கு அணைந்தது. தபால் பையோடு அவர் மேடைக்கு வந்தபோது, சலவை அறையில் பார்த்த ஆள் இவர்தானா என்று அவளுக்குச் சந்தேகம் வந்தது. இவர் இன்னும் உயரமாக இருந்தார். நடையில் தபால்காரரின் அவசரம் இருந்தது. அந்தப் பாட்டு தொடங்கியதும் அம்மா அவள் கையைப் பிடித்துக்கொண்டார். சொல் வந்தது. ஒரு நாற்காலிகூடக் கிறீச்சிடவில்லை. முன்வரிசையில் இருந்த ஒரு பாட்டி கைக்குட்டையை எடுத்தார்.

காட்சி முடிந்ததும் கிறிஸ்தோப்பர் அவர்களை மேடைக்குப் பின்னால் அழைத்துப் போனார். மேடைத் தெருவில் இருந்த வீடுகள் எல்லாம் பின்பக்கம் வெறும் பலகைகள். தக்ஷினி ஒவ்வொன்றின் பின்னாலும் எட்டிப் பார்த்தாள். மழை எப்படி வந்தது, கதவு எப்படித் தானாகத் திறந்தது என்று கேட்டுக் கேட்டுத் தெரிந்துகொண்டாள்.

அங்கே ஒரு நாற்காலியில், ஒரு காலில் பெரிய மாவுக்கட்டோடு, சிவந்த தாடிக்காரர் ஒருவர் இருந்தார். அவர்தான் அல்பேர். காட்சி பார்க்க வந்திருந்தார். அந்த இடத்தை மெதுவாகப் பாடலாம் என்று தனக்கு ஒருநாளும் தோன்றவில்லை, உனக்கு எப்படித் தோன்றியது என்று அவர் கிறிஸ்தோப்பரிடம் கேட்டார். கிறிஸ்தோப்பர் தக்ஷினியைக் காட்டினார்.

அல்பேர் அவளை மேலும் கீழும் பார்த்தார். "நீதான் இவருடைய பிரெஞ்சு ஆசிரியையா?" என்று பிரெஞ்சில் கேட்டார்.

"இல்லை," என்றாள் தக்ஷினி. "நான் மூன்றாம் மாடியில் இருக்கிறேன்."

அவர் சிரிக்கவில்லை. ஊன்றுகோலைப் பக்கத்தில் சாய்த்து வைத்துவிட்டு, தான் பாடுவதில் ஏதாவது பிழை இருந்தால் அவள் சொல்வாளா என்று உண்மையாகவே கேட்டார்.

தக்ஷினி யோசித்தாள். "நீங்கள் பாடி நான் இன்னும் கேட்கவில்லையே."

அல்பேர் தொண்டையைச் செருமிக்கொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தார். தக்ஷினி ஒரு பெட்டியை இழுத்துப் போட்டு, அவருக்கு எதிரே அமர்ந்து கேட்கத் தொடங்கினாள்.