நீலவேணி வேஷம் கலைத்த மத்தியானம்

"நான் 'கட்' சொல்றதுக்குள்ள நீங்க ஏன் ஆன்ட்டி கத்தறீங்க—"

"கத்தலம்மா, கூப்ட்டேன். கூப்புடாம அந்தாளு எப்டி—"

"எல்லா டேக்கும் வேஸ்ட்!"

"—எப்டி திரும்பி வருவாரு? அதச் சொல்லு!"

ஸ்ரீரஞ்சனிக்குத் தலை வெடித்தது. பெண்மை என்பது போட்டுக் கழற்றும் வேஷம்தான் என்று ஆவணப்படம் எடுக்க, சிஞ்ச்வட்டிலிருந்து பக்கத்து ஊரான தேஹு ரோட்டின் தமிழர் குடியிருப்புக்குக் கேமராவோடு வந்தவள். ஆயுதக் கிடங்கில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற பரமசிவம், மாரியம்மன் திருவிழாக் கூத்தில் வருஷா வருஷம் நீலவேணி ராணியாக ஆடுகிறவர். கண்ணாடி முன் அவர் அரிதாரம் துடைக்க வேண்டும். ராணி கரைந்து கிழவர் வெளிவர வேண்டும். படத்தின் உயிரே அந்த ஒரு காட்சிதான்.

ஒவ்வொரு முறையும் துணி முகத்தருகே போகும்போது அவர் மனைவி சின்னம்மா வாசற்படியில் நின்று புருஷன் பேரைச் சொல்லிக் கூப்பிட்டுக் கெடுத்தாள். அவர் "வந்துட்டேன்" என்ற பிறகுதான் துடைக்கலாமாம்.

"மத்த நாள்ல அவரு பேர நான் சொல்றதே இல்ல. இதுக்கு மட்டுந்தான். அவரு பதில் சொன்னாத்தான் அந்த ராணி அவர விட்டு எறங்குவா."

"ஆன்ட்டி, ப்ளீஸ்! அங்கிள், நீங்களாவது சொல்லுங்க."

பரமசிவம் கண்ணாடியை விட்டுத் திரும்பவில்லை. "உன் இஷ்டம் பேட்டா. சின்னம்மா, போய் சாய் போடு."

சின்னம்மா உள்ளே போனதும் ஸ்ரீரஞ்சனி சமையலறைக் கதவைச் சாத்தி, வெளித்தாழும் போட்டாள்.

எண்ணெய்த் துணி இறங்கியது. பொட்டு அழிந்தது. மை அழிந்தது. உதட்டுச் சிவப்பும் போயிற்று. அப்பாடா, ஒருவழியாக உருப்படியாய் ஒரு டேக்.

ஆனால் அரிதார வாசனை குறையவில்லை. மூச்சு முட்டும்படி ஏறிக்கொண்டே போனது.

ஹெட்போனில் வளையல் குலுங்கியது.

கழற்றிய வளையல்கள் டிரங்குப் பெட்டிமேல் அசையாமல் கிடந்தன.

"கட். முடிஞ்சுது அங்கிள்."

அவர் திரும்பினார். நரைத்த புருவம், ஒட்டிய கன்னம், எல்லாம் பரமசிவம்தான். இரண்டு கையாலும் இல்லாத கூந்தலை அள்ளி, நிதானமாக முன்னால் எடுத்துப் போட்டுக்கொண்டார்.

"போதும் அங்கிள். நடிக்க வேண்டாம்."

"நான் எங்கடி நடிச்சேன்?"

ஹெட்போனுக்குள் ஓர் இளம்பெண்ணின் குரல். அவர் உதடு அசையவே இல்லை.

ஸ்ரீரஞ்சனி ஹெட்போனைப் பிடுங்கி எறிந்துவிட்டு ஓடிப்போய்த் தாழை நீக்கினாள். சாய் கிளாசோடு வந்த சின்னம்மா, துடைத்த முகத்தைப் பார்த்தாள். கிளாசைக் கீழே வைத்தாள்.

"கூப்பிடுங்க ஆன்ட்டி! இப்பவாவது கூப்பிடுங்க!"

"தொடைக்கறதுக்கு முன்னாடிதானேம்மா கூப்புடணும்..."

ஆனாலும் போய் வாசற்படியில் நின்றாள். நிலையைப் பிடித்துக்கொண்டாள்.

"பரமசிவம்... யோவ், பரமசிவம்... வந்துட்டேன்னு ஒரு வார்த்த சொல்லுய்யா."